வேம்பு எழுதிய கதவு

எங்கள் ஊர் வரலாற்றுக் கூடத்தில் இரண்டு பலகைகள் மாட்டியிருந்தேன். 'பொருட்களைத் தொடாதீர்கள்.' 'புகைப்படம் எடுக்கக் கூடாது.' தஞ்சாவூர் அரண்மனையில் பார்த்துவிட்டு வந்து, மன்னார்குடி பெயிண்டரிடம் எழுதி வாங்கியவை. முப்பத்திரண்டு வருடம் பஸ் கண்டக்டராக இருந்தவனுக்கு நாலு பேரை அதட்டாமல் பொழுது போகாது.

கூடம் என்றதும் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். கூட்டுறவுச் சங்கம் கைவிட்ட உரக் கிடங்கு. மழை பெய்தால் இன்னும் யூரியா நாற்றம் வரும். நடத்துவது மூன்று பேர்: நான், சத்துணவு வேலையிலிருந்து ஓய்வு பெற்ற தர்மாம்பாள், ஊராட்சித் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துக்கொள்ளும் பக்கிரி. யாருக்கும் சம்பளம் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் திறப்போம். வருகிறவர்களும் கிடையாது, கண்ணாத்தாளைத் தவிர.

அவள் வருவது ஒரே ஒரு கதவுக்காக. இடித்துவிட்ட பழைய பள்ளிக்கூடத்தின் கதவு அது. அதன் பின்பக்கம், இடுப்பு உயரத்தில், கரிக்கட்டியால் 'வேம்பு, ஐந்தாம் வகுப்பு' என்று எழுதியிருக்கும். வேம்பு, கண்ணாத்தாளின் அக்கா. எழுதிய அந்த வருடமே புயல் வெள்ளம் அவளைக் கொண்டுபோய்விட்டது. உடம்பு கிடைக்கவில்லை. போட்டோ எடுக்கிற வசதி அந்தத் தெருவில் அப்போது யாருக்கும் இல்லை. அக்கா இருந்ததற்கு அந்தக் கரி எழுத்து ஒன்றுதான் மிச்சம். கன்றுக்குட்டி மேய்க்கப் போனதால் கண்ணாத்தாளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனாலும் வந்து அந்த எழுத்துக்கு எதிரே குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிடுவாள். கொஞ்ச நேரத்தில் கை நீளும்.

"தொடாதம்மா, கரி அழிஞ்சிடும்" என்பேன்.

"ஒரே ஒரு தடவண்ணே."

"ஒரு தடவன்னு ஆளாளுக்குத் தொட்டா என்னாவும்?"

ஆளாளுக்கு! அங்கே வேறு யார் இருந்தார்கள்? கையை இழுத்து மடியில் வைத்துக்கொள்வாள். அவள் மகள் கயல்விழி ஒருமுறை போனில் படம் எடுக்க வந்தாள். அவளுக்கும் பலகையைக் காட்டினேன். நாலு வருடம் இப்படியே ஓடியது.

இந்த வருடம் ஆயுத பூஜைக்குக் கூடத்திலும் படையல் போடலாம் என்று சொன்னவன் நான்தான். வீட்டில் அரிவாள், மண்வெட்டி, சைக்கிள் எல்லாவற்றையும் கழுவிப் பொட்டு வைக்கிறோம். இங்கே மரக்கால், ஏர், பெட்ரோமாக்ஸ் எல்லாம் தூசி படிந்து கிடந்தன. "ஒண்ணு விடாம கழுவிடு பக்கிரி, அழுக்கோட சாமிக்கு வைக்கக் கூடாது" என்றேன். சொல்லிவிட்டுப் பொரியும் அவலும் வாங்க மன்னார்குடிக்குப் போய்விட்டேன்.

பக்கிரி சொன்னதைச் செய்கிற மனிதன். கதவைத் தனியாளாகத் தூக்கிப் போய்க் குழாயடியில் சாய்த்து, சோப்புத்தூள் போட்டு, தேங்காய் நாரால் இரண்டு பக்கமும் தேய்த்திருக்கிறான். நான் திரும்பியபோது சந்தனமும் குங்குமமுமாகக் கதவு பளிச்சென்று நின்றது. பின்பக்கம் போய்ப் பார்த்தேன். வெறும் மரம்.

"பழைய அழுக்குண்ணே, லேசுல போவல. கை வலி எடுத்துப்போச்சு" என்று சிரித்தான்.

ஞாயிறுதோறும் அவனுக்குத் தொட்டி கழுவுகிற வேலை. கண்ணாத்தாள் அங்கே உட்காருவதை அவன் பார்த்ததே இல்லை. அந்த எழுத்து யாருடையது என்று நானும் சொன்னதில்லை. அவனை என்னவென்று திட்டுவது?

தர்மாம்பாள் ஒரு வழி சொன்னாள். "அதுக்குப் படிக்கவா தெரியும்? நீங்களே கரியால எழுதி வச்சிடுங்கண்ணே. பாவம், அது மனசாவது நோகாம இருக்கும்."

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், கரிக்கட்டியைக் கையில் எடுத்தேன். எழுத்து பெரிதாக இருந்ததா, சிறிதாக இருந்ததா? நேராக இருந்ததா, சாய்ந்திருந்ததா? நாலு வருடமாக நான் அவள் விரலைத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். எழுத்தை ஒழுங்காக ஒரு நாள்கூடப் பார்க்கவில்லை. கரியைக் கீழே போட்டேன். எனக்கு என் மேலேயே அருவருப்பாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை கண்ணாத்தாள் வந்தாள். வழக்கம்போலக் கதவுக்குப் பின்னால் போய் உட்கார்ந்தாள். பக்கத்தில் போய் நின்று நடந்ததைச் சொன்னேன். கழுவச் சொன்னது நான்தான் என்பதையும் சொன்னேன். கத்துவாள், மண்ணை வாரித் தூற்றுவாள் என்று எதிர்பார்த்தேன். அப்படிச் செய்திருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும்.

"இப்பத் தொடலாமாண்ணே?" என்றாள்.

தலையை ஆட்டினேன்.

ஆள்காட்டி விரலை மரத்தின் மேல் வைத்தாள். விரல் வளைந்தது, சுழித்தது, கீழே இறங்கியது, அடுத்த எழுத்துக்கு நகர்ந்தது. எழுதப் படிக்கத் தெரியாதவள், அக்கா பெயரை அது இருந்த இடத்திலேயே முழுதாக எழுதி முடித்தாள். பிறகு விரலை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"கரி கொஞ்சங்கூட ஒட்டலியேண்ணே" என்று என்னிடம் காட்டினாள்.