ஸாஃபி எடுத்த படம்

சஹோலிக்கு வலது தோள் கழன்று விழுவதுபோல வலித்தது. விடிந்ததிலிருந்து கேமராவை இறக்கவில்லை. மடகாஸ்கர் மேட்டு நாட்டில் ஊர் ஊராகப் போய் அடுத்தவர் வீட்டுச் சாவுச் சடங்குகளைப் படம் எடுத்தவள்; இன்று சொந்த அப்பாவின் சாவு.

"ஊரான் சாவையெல்லாம் எடுக்கிறே. என்னோடதையும் எடு. நடுவுல அழுது கெடுத்துராதே" என்று அப்பா சொல்லியிருந்தார். அதனால் அழவில்லை.

முற்றத்து அண்டாவில் மாட்டுக்கறி கொழுப்போடு வெந்தது. பட்டுக்குக் காசில்லாமல் பருத்தித் துணியில் சுற்றிய அப்பாவைப் பாடையில் வைத்து, தம்பி தஹினா முன்கொம்பைத் தூக்கினான். அப்போதுதான் ஸாஃபி வந்தான். அப்பாவோடு செங்கல் சூளையில் மண் மிதித்தவன். அவன் குலத்துக்கும் இவர்கள் குலத்துக்கும் கேலி முறை. சாவு வீட்டில் அவன் எப்படி ஏசினாலும், எதைப் பிடுங்கினாலும் கோபிக்கக்கூடாது.

"செத்தும் சோம்பேறிதானாடா? உன்னைச் சுமக்க நாலு ஆளா?" என்று பாடையைத் தட்டினான். அழுத பெண்கள் சிரித்துவிட்டார்கள். அடுத்த கணம் சஹோலியின் கேமரா அவன் கையில்.

"சித்தப்பா, குடுங்க! கல்லறைக்குள்ள வைக்கிறதை எடுக்கணும்."

"கோவமா? கோவப்பட்டா ஒரு கோழி அபராதம். இந்தப் பெட்டியை வித்தா உங்கப்பனுக்குப் பட்டே சுத்தியிருக்கலாமே, மகராசி! போ, தோள் குடு. நான் எடுக்கிறேன்."

"உங்களுக்கு எடுக்கத் தெரியாது."

"அவனுக்கு மட்டும் சாகத் தெரிஞ்சுதா? செங்கல் சுமையைத் தலையிலேருந்து இறக்காமலே விழுந்தான்." காறித் துப்பிவிட்டு, "போடி" என்றான்.

அவள் பின்கொம்புக்குத் தோள் கொடுத்தாள். வலித்த அதே தோள். வரப்பு வழுக்கியது. பாதி வழியில் அழுகை வந்தது. துடைக்கக் கை இல்லை.

சாயங்காலம் படத்தை ஓட்டிப் பார்த்தாள். வானம். யாருடைய காலோ. ஸாஃபியின் கட்டைவிரல். கல்லறை வாசல் எங்குமே இல்லை. கடைசியில் பாடைக்கடியில் அவள் முகம், மூக்கு ஒழுக, வாய் பிளந்து.

தஹினா எட்டிப் பார்த்தான். "மூக்கைச் சிந்தியிருக்கலாம்லக்கா."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. "அப்பாவை உள்ள வைக்கிறது விழலையேடா."

"அதனால என்ன? நாலஞ்சு வருஷத்துல வெளிய எடுத்து, எலும்புக்குப் புதுத் துணி சுத்துவோம்ல? அப்ப எடு. அப்பா எங்க போயிடப் போறாரு?"

அவள் எதையும் அழிக்கவில்லை. கேமராவின் பேட்டரியைக் கழற்றிச் சார்ஜில் போட்டாள்.

அப்பாவுக்கு ஒரு பட்டுத் துணி இன்னும் பாக்கி.