பாடத்தில் இல்லாத மலை

இமயம், ஆண்டிஸ், ஆல்ப்ஸ், ராக்கி என்று கரும்பலகையில் எழுதிவிட்டு, ஐந்தாவதாக ஹஜர் என்றும் எழுதினேன். முன் பெஞ்சுப் பெண் ஒருத்தி பாடப்புத்தகத்தைப் புரட்டிப் பார்த்து, "டீச்சர், இது புக்குல இல்லையே" என்றாள். "பரீட்சைக்கு வராது" என்று சொல்லி நானே அழித்தேன். அருவிக் குற்றாலம் இல்லை, டெல்டாவில் இருக்கும் எங்கள் குத்தாலத்தில் பதினோரு வருடமாக மலைகளை நடத்துகிறேன். ஒரு மலையையும் நேரில் பார்த்ததில்லை. எங்கள் ஊரில் உயரம் என்றால் ஆற்றங்கரையும் கோபுரமும்தான்.

மலையைப் பார்த்தவர் என் கணவர் இளஞ்செழியன். ஓமனில், ஹஜர் மலைத்தொடரின் அடிவாரத்தில் ரோடு போடும் வேலை. "டீச்சரம்மா, ஒரு புல்லு கெடையாது. வெறும் மொட்டைப் பாறை. இதுக்கெல்லாம் மலைன்னு பேரு வச்சிருக்கானுங்க" என்று வீடியோ காலில் கிண்டலடிப்பார்.

ஏப்ரலில் ஒரு நாள் சாயங்காலம் கூப்பிட்டார். மலைக்கு மேலே எங்கோ மழையாம். அவர் நின்ற இடத்தில் நல்ல வெயில். காய்ந்து கிடந்த ஆற்றின் வளைவில் பழுப்பாக ஏதோ நகர்ந்து வந்தது. "தண்ணி வருது பாரு! நம்ம வாய்க்கால்ல வர்ற மாதிரியே!"

எங்கள் பக்கம் முதல் தண்ணீர் வரும்போது யாரும் கரையில் நிற்பதில்லை. வாய்க்காலுக்குள் இறங்கிக் காத்திருந்து, ஒரு கை அள்ளிக் கண்ணில் ஒற்றிக்கொள்வோம். "எறங்குங்க, எனக்கும் ஒரு கை அள்ளிக் காட்டுங்க" என்றேன். மொட்டைப் பாறை மழையைக் குடிக்காது, மொத்தத்தையும் கீழே தள்ளிவிடும் என்பது நான் வருடாவருடம் நடத்துகிற இரண்டு மதிப்பெண் கேள்வி. அவர் சிரித்துக்கொண்டே இறங்கினார். திரையில் ஒரு கணம் வானம் தெரிந்தது, பிறகு ஒன்றுமில்லை. மூன்றாம் நாள், நாலு கிலோமீட்டர் தள்ளிக் கண்டெடுத்தார்கள்.

கடைசியாக அவர் பேசியது என்னிடம் என்று எல்லோருக்கும் தெரியும். இறங்கச் சொன்னது நான் என்று யாருக்கும் தெரியாது. படித்த கழுதை என்று என்னை நானே திட்டிக்கொள்வதோடு சரி.

இன்று பள்ளி விட்டு வந்தபோது, வாய்க்காலில் தண்ணீர் வருகிறதென்று தெருவே கிளம்பிப் போய்க்கொண்டிருந்தது. என் மாமியார் கமலாம்பாள் ஏற்கெனவே உள்ளே இறங்கி நின்றிருந்தார். நான் கரையிலேயே நின்றுவிட்டேன்.

"அத்தை, ஏறுங்க! மேல ஏறுங்க!"

நான் கத்தியதில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். தண்ணீரோ நுரையும் சருகுமாக எறும்பு ஊர்வதுபோல வந்துகொண்டிருந்தது.

அத்தை ஏறவில்லை. "சின்னப்புள்ளையில நாந்தான் அவன இடுப்புல வச்சிக்கிட்டு இங்க எறங்குவேன். அந்தப் பழக்கந்தான் அவனக் கொண்டு போயிடுச்சு. எல்லாம் என்னாலதான், ஆனந்தவல்லி."

இல்லை அத்தை என்று சொல்ல எவ்வளவு நேரமாகும்? பழி அவரிடமே இருந்துவிட்டுப் போகட்டும் என்றுகூட ஒரு நொடி நினைத்தேன். பாவிதான் நான்.

தண்ணீர் அவர் காலைத் தொட்டது. குனிந்து ஒரு கை அள்ளி, கரையில் நின்ற என் பக்கமாக நீட்டிக் காட்டினார்.