ஆரஞ்சுச் சாறும் மூன்று கனைப்பும்

அன்று எங்கள் வீட்டில் இருந்தவர்கள் நான், என் மனைவி, எங்கள் இளைய மகள், என் தங்கை, மகளைத் தங்கள் பையனுக்குக் கேட்டு வந்திருந்த கணவன் மனைவி. பையன் வரவில்லை. மகள் வேலை பார்க்கும் அதே கண் மருத்துவமனையில்தான் அவனும் இருக்கிறான். இருவருக்கும் ஒரே நாளில் விடுப்புத் தர மாட்டார்களாம். இவர்களைத் தவிர அந்தக் கூடத்தில் ஒரு ஈ கூட இல்லை. அங்கே இல்லாதவர்கள்தான் இப்போது அதிகம் பேசுகிறார்கள் என்பதால் இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

என் மனைவியின் சமையலைப் பற்றி நானே சொல்வது அழகல்ல. பிறர் நடந்துகொண்டதைச் சொல்கிறேன். பேருந்துப் பணிமனையில் நான் மேற்பார்வையாளனாக இருந்த காலத்தில், என் சாப்பாட்டு டப்பா திறக்கிற நேரம் பார்த்து, என்ஜினுக்கு அடியில் படுத்திருப்பவன்கூட எழுந்து வந்து ஏதாவது சந்தேகம் கேட்பான். சந்தேகம் தீர்ந்த பிறகும் நிற்பான். ஒரு கனைப்புக் கனைத்தால்தான் நகர்வான். எங்கள் குடும்பத்துக்கு நிலம் கிடையாது, பட்டம் பதவி கிடையாது. அந்த டப்பா இருந்தது.

அப்படிப்பட்டவளுக்குப் போன மழைக்காலத்தில் ஒரு காய்ச்சல் வந்தது. உடம்பு தேறிவிட்டது. ஆனால் மூக்குக்கு வாசனையும் நாக்குக்கு ருசியும் திரும்பவில்லை. உப்பையும் சர்க்கரையையும் விரலால் தேய்த்துப் பார்த்துத்தான் எது எதுவென்று சொல்கிறாள். டாக்டர், "வரலாம்மா, வராமலும் போகலாம். காத்திருந்து பார்ப்போம்" என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார். வெளியில் யாருக்கும் தெரிய வேண்டாம் என்று சொன்னது நான்தான். மகளுக்குக்கூடத் தெரிய வேண்டாம் என்றேன். அந்த வீட்டு அம்மாவுக்கு முன்ன மாதிரி கை வரலையாமே என்று நாலு பேர் உச்சுக்கொட்டுவதை அவள் கேட்கக் கூடாது. அவள் தலையை மட்டும் ஆட்டினாள்.

அதற்குப் பிறகு நாங்கள் ஒரு ஏற்பாடு செய்துகொண்டோம். அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடுவில், பரிமாறுவதற்கென்று ஒரு சின்ன ஜன்னல் உண்டு. எதைச் சமைத்தாலும் அதில் ஒரு வாய் அளவு கிண்ணத்தில் போட்டு அங்கே வைப்பாள். நான் என் நாற்காலியில் உட்கார்ந்தபடியே எடுத்து ருசி பார்ப்பேன். ஒரு கனைப்பு என்றால் உப்புப் போதாது. சேர்ந்தாற்போல் இரண்டு கனைப்பு என்றால் புளிப்புப் போதாது. கிண்ணத்தைக் கரண்டியால் ஒரு தட்டுத் தட்டினால் எல்லாம் சரி. அதிகமாகிவிட்டால் என்ன செய்வது என்று நாங்கள் யோசிக்கவே இல்லை. அவள் கையில் எதுவும் மிஞ்சிப் போனதாக எனக்கு நினைவில்லை. மகள் அந்தக் கிண்ணத்தைப் பார்த்துவிட்டு ஒரு நாள் கேட்டபோது, "அப்பாவோட டானிக்" என்று என் மனைவி சொல்லிவைத்தாள்.

இந்த நிலையில்தான் பையனின் அம்மா போனில் பேசினார். பல் மருத்துவர் ஒருவரிடம் வெகுகாலம் உதவியாளராக இருந்தவர். "மத்தியானத்துல எனக்கு சாலட் மட்டும் போதுங்க. சிரமப்பட்டு வேற எதுவும் பண்ணிடாதீங்க" என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். ஆனால் போனை வைத்ததும் என் மனைவி இடுப்பில் கை வைத்துக்கொண்டாள்.

"இலையையும் தழையையும் நறுக்கி வெச்சு, கடையில வாங்கின பாட்டிலைக் கவுத்தா, அதுக்குப் பேர் விருந்தா?"

"அதுக்கு மேல ஊத்தறதுக்குப் பேரு டிரெஸ்ஸிங்மா. பழச்சாறுல வீட்டுலயே பண்ணலாம், ரொம்ப நல்லா இருக்கும்" என்றாள் மகள்.

புண்ணுக்குக் கட்டுப் போடுவதற்குத்தான் அந்தப் பெயரை நான் கேட்டிருக்கிறேன். சொல்லவில்லை. மனைவியின் முகத்தில் வெகு நாளைக்குப் பிறகு ஒரு சுறுசுறுப்பு வந்திருந்தது. அதைக் கலைக்க எனக்கு மனமில்லை.

அவர்கள் வருகிற அன்று காலையில் மகளைக் கடைக்கு அனுப்பிவிட்டு என் மனைவி வேலையைத் தொடங்கினாள். ஆரஞ்சுச் சாற்றைச் சின்னத் தீயில் வைத்துப் பாதியாகச் சுண்ட விட்டாள். பொங்கவிட்டால் கசந்துவிடுமாம். கரண்டியின் முதுகில் சாறு படிந்து, அதன்மேல் விரலால் கிழித்த கோடு அப்படியே நின்றபோது இறக்கினாள். ஆறியதும் தேன், அரைத்த கடுகு விழுது, எலுமிச்சைச் சாறு, மிளகுத் தூள், உப்பு. பிறகு ஆலிவ் எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டு, கை ஓயாமல் அடித்தாள். தனித்தனியாக நின்றவை மெல்ல ஒன்றாகி, இளம் மஞ்சளில் தடித்து, பாத்திரத்தின் பக்கங்களில் வழுக்கிக்கொண்டு இறங்கின. இதற்கெல்லாம் நாக்கு தேவைப்படவில்லை. கண்ணும் கையும் போதுமாக இருந்தன. அவள் அடித்துக்கொண்டிருந்ததை நான் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

கிண்ணம் வந்தது. ருசி பார்த்து ஒரு தட்டுத் தட்டினேன். கொஞ்ச நேரம் கழித்து நாக்கில் வேறு கணக்கு ஓடியது. எழுந்து உள்ளே போய், "பழம் முதல்ல இனிப்பைக் காட்டி ஏமாத்துது. உப்பு பத்தலைன்னு இப்பத்தான் தெரியுது" என்றேன்.

"அப்ப அவசரப்பட்டுத் தட்டாதீங்க. பின்னாடி தெரிஞ்சாலும் கனைச்சிடுங்க, சேர்த்துக்கறேன்" என்றாள்.

விருந்தாளிகள் சொன்ன நேரத்துக்கு முன்பே வந்துவிட்டார்கள். அவர்களுக்கும் முன்பே வந்திருந்தாள் என் தங்கை. குடும்பத்தில் அவளுக்கு ரேடியோ என்று பெயர். எல்லோரும் உட்கார்ந்ததும் ஜன்னலில் கடைசிக் கிண்ணம் வந்தது. டானிக் குடிப்பவன் போலக் குடித்தேன். ஆரஞ்சும் தேனும் முன்னால் வந்து, பின்னால் கடுகின் காரம் மூக்கில் ஏறி, உப்பு எல்லாவற்றையும் ஒரு கட்டுக்குள் பிடித்து நிறுத்தியிருந்தது. அவளுடைய பழைய கை. பின்னாலும் ஒன்றும் குறையவில்லை என்று காத்திருந்து பார்த்துவிட்டு, கிண்ணத்தைத் தட்டினேன். அதோடு முடிந்திருக்க வேண்டும்.

பையனின் அப்பா லிஃப்ட் பழுது பார்க்கிறவராக இருந்து ஓய்வு பெற்றவர். நான் இருந்தது இன்ன பணிமனை என்று தெரிந்ததும் அவருக்குக் குஷி வந்துவிட்டது.

"அந்த டிப்போ பஸ்ஸா சார்? ஏறும்போது ஷேவ் பண்ணிட்டு ஏறினா, இறங்கும்போது தாடியோட இறங்கணும்!"

நான் கனைத்தேன். என் பணிமனையைப் பற்றி யாரும் என் முன்னால் அப்படிப் பேசியதில்லை.

"எங்கண்ணன் ரிட்டயர் ஆன அன்னைக்கு பஸ்ஸெல்லாம் கண்ணீர் விட்டுச்சாம். ஆயில் ஒழுகுச்சுன்னு சொன்னாங்க" என்றாள் தங்கை.

அதற்கும் கனைத்தேன்.

"விடுங்க சார், எங்க லிஃப்ட்டு மட்டும் என்னவாம்? ஆனா ஒண்ணு, அதை யாரும் இறங்கித் தள்ளினதில்லை" என்று அவர் முடித்தபோது வந்த மூன்றாவது கனைப்பு தெருவரை கேட்டிருக்கும்.

பரிமாறினார்கள். சுருட்டை இலைகள், வெள்ளரி, ஆப்பிள் துண்டுகள், மேலே அந்த மஞ்சள் டிரெஸ்ஸிங். பையனின் அம்மா முதல் வாய் வைத்தார். மெல்லுவது நின்றது. பிறகு, மரியாதை தெரிந்தவர், மெதுவாக மெல்லத் தொடங்கினார். அவருடைய கணவர் தண்ணீர்ச் செம்பைத் தேடினார். நான் ஒரு வாய் எடுத்து வைத்தேன். கடல் நீர். மூன்று கனைப்பும் ஒன்றன்பின் ஒன்றாக எனக்கு உறைத்தன. என் மனைவி பரிமாறுகிற கரண்டியோடு நின்று எங்கள் முகங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். பரீட்சை எழுதிவிட்டு வாசலில் காத்திருக்கும் பிள்ளையைப் போல இருந்தாள். எதிரில் என் தங்கையின் வாய் திறந்துகொண்டிருந்தது.

"அருமையா இருக்கு!" என்று சத்தமாகச் சொன்னேன். தங்கையின் வாய் மூடிக்கொண்டது. இன்னும் கொஞ்சம் என்று தட்டை நீட்டினேன். மனைவியின் முகம் மலர்ந்தது. நிறையவே போட்டாள். அந்த முகத்தைப் பார்த்த பிறகு எனக்கு வேறு வழி இருக்கவில்லை. ஒரு வாய் சாலட், ஒரு மடக்குத் தண்ணீர் என்று நிமிர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டேன்.

ருசி போனாலும் அவளுக்குக் கண் போகவில்லை. என் தம்ளர் மறுபடி மறுபடி காலியாவதைப் பார்த்துவிட்டாள்.

"என்னங்க, உப்பா?"

"சாப்பிடும்போது என்ன பேச்சு."

அவள் என் தட்டை இழுத்தாள். நான் விடவில்லை. சம்பந்தம் பேச வந்தவர்கள் முன்னால் ஒரு தட்டின் இரண்டு பக்கத்தையும் நாங்கள் இருவரும் பிடித்துக்கொண்டிருந்தோம்.

"விடுங்க! உங்க பிரஷருக்கு உப்பே ஆகாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு. நீங்க படுத்துட்டா அப்புறம் எனக்கு யாரு ருசி பார்த்துச் சொல்றது?"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்பது அவளுக்குத் தெரிந்தது. நான் தட்டை விட்டுவிட்டேன். அவள் அதை மேஜையில் வைத்துவிட்டு, முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டு, பையனின் அம்மாவைப் பார்த்தாள்.

"எனக்கு வாசனையும் தெரியாதுங்க, ருசியும் தெரியாது. காய்ச்சல்ல போச்சு. வருமான்னும் தெரியாது. வீட்டுல இவருக்கு மட்டும்தான் தெரியும். பொண்ணு கொடுக்கற இடத்துல மறைக்கக் கூடாது, சொல்லிட்டேன்."

"அப்ப அந்த டானிக்கு?" என்றாள் மகள்.

"அண்ணி, என்கிட்டகூட சொல்லலையே!" என்றாள் தங்கை.

"உன்கிட்ட சொல்றதும் பஸ் ஸ்டாண்டு மைக்குல சொல்றதும் ஒண்ணுதானே" என்றாள் என் மனைவி. பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்க ஏன் மூணு வாட்டி கனைச்சீங்க?" என்று கேட்டாள்.

பொய் சொல்ல எனக்கு நேரமில்லை. "அது உப்புக்கில்லை. அவர் பஸ்ஸைப் பத்திப் பேசினதுக்கு."

பையனின் அப்பாதான் முதலில் புரிந்துகொண்டார். மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். "அய்யோ, என் வாயில இருந்து வந்த உப்பா இது!" நான் சிரிக்கவில்லை. இத்தனை மாதம் காத்து வைத்தது கூடத்தின் நடுவில் கொட்டிக் கிடந்தது. ஆனால் என் மனைவியும் சிரித்துக்கொண்டிருந்தாள், காய்ச்சலுக்குப் பிறகு முதல் தடவையாக. அதற்கு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

பையனின் அம்மா எழுந்தார். "எனக்கு இந்தப் பக்கத்துக் காது கேக்காதுங்க. வாசல்ல நீங்க வாங்கன்னு சொன்னதுக்கு அப்புறம் என்ன சொன்னீங்கன்னே தெரியாம தலையாட்டிட்டு வந்தேன். பழம் மிச்சமிருக்கா?"

"கூடை நிறைய இருக்கு."

"அப்ப வாங்க, நான் ருசி பார்க்கறேன்" என்று அடுப்படிக்குள் போனவர், ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினார். அதுவரை என்னை சார் என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார். "சம்பந்தி, சும்மாதானே உட்கார்ந்திருக்கீங்க. வந்து ஆரஞ்சை உரிச்சுத் தாங்க."

போனேன். விருந்தாளி கேட்டு மறுப்பது எங்கள் குடும்பத்தில் வழக்கமில்லை. முக்காலியில் உட்கார்ந்து நான் உரித்துக் கொடுக்க, மகள் பிழிந்தாள். சாறு அடுப்பில் சுண்டிக்கொண்டிருந்தது. பையனின் அம்மா கரண்டியால் தொட்டு நக்கி, "இன்னும் ஒரு துளி தேன்" என்று சொல்ல, என் மனைவி விட்டாள். சொல்வதற்கும் விடுவதற்கும் நடுவில் மறைப்பு எதுவும் இருக்கவில்லை.

அந்த இரண்டாவது டிரெஸ்ஸிங்கை எல்லோரும் வழித்துச் சாப்பிட்டார்கள். அது அப்புறம். அதற்கு முன்னால், அடுப்படியில், என் மனைவி என் மடியில் கிடந்த தோல்களில் ஒன்றை எடுத்தாள். மடித்து, மூக்குக்கு அருகில் பிடித்து அழுத்தினாள். கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். மற்றவர்கள் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"ஏதாவது தெரியுதா?" என்று கேட்டேன்.

அவள் கையை மட்டும் நீட்டி, இன்னொரு தோலைக் கேட்டாள். கொடுத்தேன். அதையும் மூக்கருகில் மடித்தாள்.

என் தங்கை இப்போது உறவு முழுக்க ஒன்று சொல்லி வருகிறாளாம். சம்பந்திகள் முன்னால், அடுப்படி முக்காலியில் உட்கார்ந்துகொண்டு அண்ணன் அழுதார் என்று. அது தவறு. ஆரஞ்சுத் தோலை மடித்தால் அதிலிருந்து எண்ணெய் பொடிப்பொடியாகத் தெறிக்கும். பக்கத்தில் இருப்பவன் கண்ணில் படும். அன்று மிகப் பக்கத்தில் இருந்தவன் நான்.