அடித்தல் திருத்தல் இல்லாத பக்கம்

நாவல் அச்சுக்குப் போக இருந்த வாரத்தில்தான் கண்ணாடிக்கடைக்காரருக்கு அந்தச் சந்தேகம் வந்தது. கொஞ்சம் முன்னால் வந்திருந்தால் நாவலே வந்திருக்காது.

கடை அவருடையது அல்ல. ஆனாலும் தெருவில் எல்லோரும் அவரை அப்படித்தான் சொன்னார்கள். முன்பக்கம் முதலாளி உட்கார்ந்து ஃப்ரேம் விற்பார். பின்னறையில் இவர் லென்ஸை ஃப்ரேமின் அளவுக்குத் தேய்த்துப் பொருத்துவார். தேய்க்கும் இயந்திரத்தில் தண்ணீர் ஓடிக்கொண்டே இருக்கும். அந்த இரைச்சலில் யாரும் வந்து பேச முடியாது. அந்த வேலையில் அவருக்கு மிகவும் பிடித்தது அதுதான்.

எழுதப் பழக அவர் ஒரு வழி வைத்திருந்தார். காலையில் கடை திறப்பதற்கு முன்பே வந்துவிடுவார். தான் மதிக்கும் எழுத்தாளர் ஒருவருடைய பக்கத்தை மெல்ல வாசிப்பார். பிறகு புத்தகத்தை மூடிவிட்டு, அந்தப் பக்கத்தை நினைவிலிருந்து எழுதுவார். நினைவு கைவிடும் இடத்தில் பேனாவை நிறுத்தக் கூடாது; சொந்தமாக ஏதாவது போட்டு ஒப்பேற்றிவிட வேண்டும். இது அவரே போட்ட சட்டம். அது முடிந்ததும் தன் நாவலை எடுப்பார். கடையின் தொலைபேசி எண் மாறியதால் வீணாய்ப்போன, பழைய எண் அச்சிட்ட தாள்கட்டு ஒன்று பின்னறையில் கிடந்தது. பயிற்சியும் அதில்தான், நாவலும் அதில்தான்.

பதிப்பாளர் அம்மாள் தொலைபேசியில் பேசியபோது சந்தேகத்துக்கு வித்து விழுந்தது. நாவலின் முன்னால் நாலு பக்கம் வேண்டும் என்றார். எந்தெந்தப் புத்தகங்கள் இவரை எழுத வைத்தன, முதல் வரைவு எப்படி இருந்தது, இன்றைய வடிவம் எப்படி வந்தது, இதெல்லாம் வாசகர்களுக்குப் பிடிக்குமாம். அப்புறம், நாவலில் அம்மா வீட்டைக் காலி செய்யும்போது வரும் அந்த விளக்குப் பத்தியைப் பின்னட்டையில் போடப்போவதாகவும் சொன்னார்.

“தம்பி, நிஜத்தைச் சொல்றேன். அந்த ஒரு பத்திக்காகத்தான் நான் இந்த நாவலையே எடுத்தேன். அது எப்படி வந்துச்சுன்னு மட்டும் எழுதிடுங்க. திங்கட்கிழமை புரூஃபோட சேத்துக் குடுத்தாப் போதும்.”

எழுதுகிறேன் அக்கா என்று சொல்லிவிட்டு வைத்தார். இயந்திரத்தை ஓட விட்டு, ஒரு லென்ஸைத் தேவைக்கு மேல் தேய்த்துவிட்டார். அது ஃப்ரேமில் நிற்கவில்லை.

வீட்டுக்கு வந்து கட்டிலுக்கு அடியிலிருந்து வரைவுகளை இழுத்தார். வாடகை வீடு வாடகை வீடாக மாறிக்கொண்டே இருக்கும் ஒரு குடும்பத்தின் கதை. முதல் வரைவை அப்பா சொல்வதாக எழுதியிருந்தார். அந்த அப்பா வாயைத் திறந்தால் மூடுவதில்லை. இரண்டாவதில் எதற்கென்றே தெரியாமல் ஒரு கொலை நடந்தது. யார் செய்தார்கள் என்பது கடைசிவரை அவருக்கே பிடிபடாததால் செத்தவரை உயிரோடு எழுப்பிப் பக்கத்து வீட்டில் குடிவைத்தார். மூன்றாவதில்தான் கதை அம்மாவின் பக்கம் திரும்பி, ஓரளவு மூச்சு விட்டது. எந்த எழுத்தாளரிடமிருந்து வாக்கியத்தைக் குட்டையாக முடிக்கக் கற்றார், யாரைப் பார்த்து மழையை அளவுக்கு மீறிப் பெய்யவிட்டார் என்பதெல்லாம் தாள்களில் அப்பட்டமாகத் தெரிந்தது. நாலு பக்கம் தாராளமாகத் தேறும் என்று நினைத்தார்.

அப்போதுதான் விளக்குப் பத்தி இருந்த தாள் கைக்கு வந்தது.

‘சாமான்கள் எல்லாம் போன பிறகு அம்மா மறுபடி உள்ளே போனாள். ஒவ்வொரு அறையிலும் விளக்கைப் போட்டாள், ஒரு தரம் சுற்றிப் பார்த்தாள், அணைத்தாள். சமையலறை விளக்கை மட்டும் சற்று நேரம் எரியவிட்டாள். பிறகு வெளியே வந்து வீட்டைப் பூட்டினாள். பூட்டிய கதவை இரண்டு தடவை தட்டிவிட்டுப் படியிறங்கினாள்.’

ஒரு அடித்தல் இல்லை. ஒரு திருத்தல் இல்லை. அவருடைய நாவல் தாள்கள் கோழி கிளறிய குப்பைபோல இருக்கும். ‘அவன் வந்தான்’ என்பதையே மூன்று முறை அடித்துத்தான் எழுதுவார். சுத்தமாக இருப்பவை பயிற்சித் தாள்கள் மட்டுமே. இந்தத் தாள் கண்ணாடிபோலச் சுத்தமாக இருந்தது.

அவருக்கு எழுதிய நாள் நினைவில்லை. யோசித்த நாளும் நினைவில்லை. யாரோ எழுதியதை மனப்பாடமாக இறக்கிவைத்து, தாள் மாறி நாவலுக்குள் புகுந்துவிட்டது என்றால், பின்னட்டையில் ஊரான் பத்தி, கீழே இவர் பெயர். சரி, எடுத்துவிடலாம். எடுத்தால் பதிப்பாளர் சொன்ன அந்த ஒன்றும் போய்விடும். மிச்சம் இருப்பது சாமான் எடுத்துப்போன வீடு.

அன்று மாலையிலிருந்து அலமாரியில் இருந்த புத்தகங்களையெல்லாம் புரட்டினார். கிடைக்கவில்லை. கிடைக்காதது ஆறுதலாக இல்லை. இரவல் வாங்கியவை, நூலகத்தில் எடுத்தவை என்று எத்தனையோ. தவிர, நினைவிலிருந்து எழுதும்போது சொற்கள் வேறாகியிருக்கும். வேஷம் மாற்றிக்கொண்டு வந்தவனை எந்த வரிசையில் தேடுவது?

சனிக்கிழமை மதியம் ‘அட்டவணை’யைப் போய்ப் பார்த்தார். குடிநீர் அலுவலகத்தில் வேலை பார்க்கும் சிநேகிதர். எந்தப் புத்தகத்தில் எது எங்கே வருகிறது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார் என்பதால் அந்தப் பட்டப்பெயர். அலுவலக வாசல் பெஞ்சில் உட்கார்ந்து, அட்டவணை தாளை இரண்டு முறை படித்தார்.

“நான் எங்கயும் படிச்சதில்ல” என்றார் அட்டவணை. “அதுக்காக இது உன்னோடதுன்னும் சொல்ல மாட்டேன். நீ எழுதியிருந்தா இந்நேரம் மழை கொட்டியிருக்கும்.”

“விளையாடாதடா. நாளன்னிக்குக் குடுக்கணும்.”

“விளையாடல. இதை எழுதினது யாரா இருந்தாலும், அந்த வீட்டைப் பெருக்கித் துடைச்ச ஆளு. நீ என்னிக்காவது துடைப்பத்தைத் தொட்டிருக்கியா?”

திரும்பி வரும் வழியெல்லாம் அந்தக் கேள்வி கூடவே நடந்து வந்தது. பெண் எழுத்தாளர்களாக யோசித்துப் பார்த்தார். யாரும் பொருந்தவில்லை. வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது, துடைப்பம் கதவுக்குப் பின்னால் சாய்ந்திருப்பது கண்ணில் பட்டது. தான் காலி செய்த வீடு என்று வாழ்க்கையில் ஒன்றே ஒன்றுதான் என்பது அப்போது நினைவுக்கு வந்தது. அன்று அவர் லாரியில் சாமான்களோடு முன்னால் வந்துவிட்டார். மச்சான் ஓட்டினார். வீட்டைக் கடைசியாகப் பூட்டியது மனைவி.

மனைவி பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுப்பவர். நாவலில் ஒரு வரி படித்ததில்லை. புத்தகமாக வரட்டும், அட்டையோடு படிக்கிறேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டார்; கணவரும் வற்புறுத்தவில்லை. ஞாயிறு மதியம் மனைவி மறுநாளைக்கான வெள்ளைக் கோட்டை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். கண்ணாடிக்கடைக்காரர் கட்டிலில் உட்கார்ந்தார்.

“பழைய வீட்டைக் காலி பண்ணின அன்னிக்கு, நாங்க போனப்புறம் நீ என்ன பண்ணின?”

“அன்னிக்கே சொன்னேனே.”

“எப்ப?”

“இங்க வந்ததும். நீங்க கட்டிலை மாட்டிக்கிட்டு, ஒரு ஸ்க்ரூவைக் காணோம்னு தவழ்ந்துக்கிட்டிருந்தீங்க. நான் சொல்லிக்கிட்டே இருந்தேன். நீங்க ஸ்க்ரூகிட்டதான் பேசிக்கிட்டிருந்தீங்க.”

அவருக்கு ஸ்க்ரூ நினைவிருந்தது. அது கடைசிவரை கிடைக்கவில்லை. கட்டில் இன்றும் ஒரு பக்கம் ஆடும். மனைவி பேசியது துளியும் நினைவில்லை. வீடு மாறிய மறுநாள் காலையில் கடையின் பின்னறையில் உட்கார்ந்தபோது படிப்பதற்குப் புத்தகம் கையில் இல்லை என்பது மட்டும் இப்போது நினைவுக்கு வந்தது. எல்லாம் மூட்டையில் கட்டிக் கிடந்தன. புத்தகம் இல்லாமலே, முந்தின நாள் காதில் விழுந்ததை நினைவிலிருந்து எழுதியிருக்கிறார்.

தாளை எடுத்து வாசித்துக் காட்டினார். மனைவி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுக் கேட்டார். முடிந்ததும் கோட்டின் கையை இப்படியும் அப்படியும் திருப்பினார்.

“லைட் எரியலைங்க” என்றார்.

“என்னது?”

“நீங்க லாரியில கிளம்பினதுமே கரண்டை நிறுத்திட்டாங்க. நான் சும்மா சுவிட்சைப் போட்டுப் போட்டு அணைச்சேன். கதவைத் தட்டினது நெசம்தான்.”

“சமையலறையில?”

“அங்க அணைக்கல. அப்படியே விட்டுட்டு வந்தேன். அடுத்து வர்றவங்களுக்கு கரண்ட் வந்தா எரியட்டும்னு.”

அவர் தாளைப் பார்த்தார். நினைவு கைவிட்ட இடத்தில் சொந்தமாகப் போட்டு ஒப்பேற்ற வேண்டும் என்ற சட்டப்படி, விளக்குகளை எரியவிட்டவர் அவர்தான். அந்தப் பத்தியில் அவருடையது அது ஒன்றுதான். அதுவும் தப்பு.

“இதை நாவல்ல வச்சுக்கலாமா?” என்று கேட்டார். கேட்ட குரல் அவருக்கே புதிதாக இருந்தது.

மனைவி கோட்டை ஹேங்கரில் மாட்டி, பொத்தான் போட்டு, கதவில் தொங்கவிட்டார்.

“வச்சுக்கங்க. ஆனா இருந்தபடி எழுதுங்க. என்னைப் பத்தி முன்னால எதுவும் போட வேண்டாம். லேப்ல ஊசி குத்தறப்ப ஒவ்வொருத்தரா கேப்பாங்க.”

சாப்பாட்டு மேசையில் புரூஃபை விரித்துவைத்துக்கொண்டு அந்தப் பத்திக்கு வந்தார். ‘விளக்கைப் போட்டாள்’ என்பதை அடித்து ‘சுவிட்சைப் போட்டாள்’ என்றார். ‘விளக்கு எரியவில்லை’ என்று சேர்த்தார். சமையலறை வரியை நான்கு விதமாக எழுதி நான்கையும் அடித்தார். ‘சமையலறை சுவிட்சை அணைக்காமல் விட்டாள்’ என்பது ஐந்தாவது. ஓரம் நிறைந்துபோய், அம்புக்குறி போட்டுப் பக்கத்தின் அடிவரை இழுக்க வேண்டியிருந்தது. முன்னுரையில் தான் படித்த புத்தகங்களைப் பற்றி ஒழுங்காக எழுதினார். பத்தி எப்படி வந்தது என்ற இடத்தில், வீடு மாறிய அன்று ஒரு ஸ்க்ரூ தொலைந்தது என்று மட்டும் எழுதி நிறுத்திக்கொண்டார்.

செவ்வாய்க்கிழமை பதிப்பாளர் கூப்பிட்டார். குரலில் வருத்தம் தெரிந்தது.

“நல்லா இருந்த பத்தியை ஏன் தம்பி இப்படிப் பண்ணிட்டீங்க? விளக்கு எரிஞ்சதுதானே அழகு. கரண்ட் இல்லாத வீட்ல அந்தம்மா எதுக்கு சுவிட்சைப் போடணும்?”

கண்ணாடிக்கடைக்காரர் இயந்திரத்தை நிறுத்தினார். குழாயில் தண்ணீர் சொட்டி நின்றது.

“எனக்கும் தெரியலக்கா” என்றார். “ஆனா போட்டாங்க.”