எதிலும் மாட்டுகிற கப்ளர்

ஏழு மணிக்குள் எங்கள் மெக்கானிக் கடையில் பன்னிரண்டு டாக்ஸிகளுக்கு ஏசி கேஸ் ஏற்றியாக வேண்டும். பொழுது இன்னும் வெளுக்கவில்லை. பானெட்டைத் தூக்கினால் எஞ்சின் சூடு முகத்தில் அறைந்தது. அந்தச் சூட்டுக்குள் தலையை விட்டு இரண்டு குழாய்களைத் தேட வேண்டும். தடித்தது அழுத்தம் குறைந்த லோ, மெல்லியது அழுத்தம் கூடிய ஹை. வண்டி ஓடும்போது தடித்த குழாய் சில்லென்றிருக்கும், மெல்லியது கையைச் சுடும். கேஸ் ஏற்றுவது தடித்ததில்தான். குழாயின் வாயை மூடும் கருப்பு மூடியில் L அல்லது H என்று ஒரு ஆங்கில எழுத்து இருக்கும். பாதி வண்டிகளில் மூடியே இருக்காது.

எழுத்து தெரியாதவனுக்கும் பயமில்லை. இரண்டு வாய்களும் வேறு வேறு அளவு. கேஸ் டின்னை வண்டியோடு இணைக்கிற லோ கப்ளர் ஹை வாயில் உட்காரவே உட்காராது. எங்கோ ஒரு புண்ணியவான் எங்களை நினைத்துத்தான் அப்படிச் செய்திருக்க வேண்டும்.

அந்தக் கப்ளர் போன வாரம் தேய்ந்து கசிந்தது. அதே மாதிரி கேட்டோம். முதலாளி மலிவாக வேறொன்று வாங்கிவந்து, "எதுல வேணா மாட்டும், தேடிட்டு நிக்க வேணாம்" என்று பெருமை பேசினார்.

ஒன்பதாவது வண்டியில் நெட்டை குனிந்திருந்தான். எங்களில் உயரமானவன், இடுப்புவரை பானெட்டுக்குள் போய்விடுவான்.

"என்னடா, எஞ்சினோட குடும்பம் நடத்துறியா? சீக்கிரம்!" என்றார் முதலாளி.

"இப்பத்தான் பொண்ணு பாக்கறேன் முதலாளி" என்றான் உள்ளேயிருந்தபடியே.

டக்கென்று கப்ளர் மெல்லிய குழாயில் உட்கார்ந்தது. டின்னைத் திறந்தான். ஹை பக்கத்து அழுத்தம் டின்னுக்குள் பாய்ந்து, அது அவன் கையிலேயே வெடித்தது. வெள்ளைப் புகை. புகைக்குள்ளிருந்து அவன் குரல் மட்டும் வந்தது: "அண்ணே, என் கை இருக்கா பாருங்க."

இருந்தது. உறைந்து வெளுத்து, உள்ளங்கை கிழிந்து.

நெட்டையை ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டு, ஒன்பது மணிக்கு முதலாளி ஒரு தாளோடு வந்தார். மிச்ச மூன்று டாக்ஸிக்காரர்கள் வாசலில் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார்கள்.

"ஆளுக்கொரு கையெழுத்துப் போடுங்க. ஆஸ்பத்திரி விஷயம்."

நான் தாளை வாங்கி விரலை வைத்து வாசித்தேன். "எழுத்தறிவு... இல்லாத... தொழிலாளி, தன் தவறால்..."

முதலாளி முகம் மாறியது. "நீ எப்பப்பா படிக்கக் கத்துக்கிட்ட?"

"போன வருஷம். உங்க கடைப் பலகையிலதான் ஆரம்பிச்சேன்."

எங்கள் பெயிண்டர் வாய்விட்டுச் சிரித்தார். வண்டி கழுவுகிற அக்கா சிரிக்கவில்லை. "இதுல கையெழுத்துப் போட்டா வைத்தியச் செலவும் அவன் தலையில, வேலையும் போச்சு. அதானே?"

"அவனுக்கு எழுத்து தெரியாது. பொய்யா சொல்றேன்?"

"நிஜம்தான் முதலாளி" என்றேன். "பழைய கப்ளர் இருந்தப்ப அவன் படிக்கவே வேண்டியதில்ல. எதுல மாட்டணும்னு அதுக்கே தெரியும்."

அக்கா ஈரக் கையோடு புதுக் கப்ளரை எடுத்து, நின்றிருந்த வண்டியின் மெல்லிய குழாயில் அழுத்தினாள். டக். கழற்றித் தடித்ததில் அழுத்தினாள். டக்.

"இதைக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க."

"நாளைக்கே உங்க இடத்துல வேற ஆளு நிப்பான், தெரிஞ்சுக்கங்க!"

"நிக்கட்டும். அவனுக்கும் கை இருக்குமில்ல? அவன்கிட்டயும் சொல்லுவோம்" என்று பெயிண்டர் ஒரு டயர்மேல் உட்கார்ந்தார். அக்கா தண்ணீர்க் குழாயை அடைத்துவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

ஹாரன் அடித்த டிரைவர் ஒருவர் உள்ளே வந்து கத்தினார். நடந்ததைச் சொன்னேன். ரத்தம் காயாத தரையை ஒரு முறை பார்த்தார். "எனக்கும் சவாரி போகுதே, என்னய்யா நீங்க..." என்று முனகிக்கொண்டே போய் எஞ்சினை அணைத்தார். மற்ற இருவரிடமும் ஏதோ சொன்னார். ஹாரன் நின்றது.

முதலாளி அலுவலக அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு யாருக்கோ போன் பேசினார். போலீஸாக இருக்கலாம், புது ஆட்களாகவும் இருக்கலாம்.

"நடந்ததை நடந்தபடி எழுது" என்றாள் அக்கா. "எல்லாரும் போடுறோம்."

அந்தத் தாளையே திருப்பி, பானெட்மேல் வைத்து எழுத ஆரம்பித்தேன். முதல் வரிக்கே கால் மணி நேரம் ஆனது. யாரும் என்னை அவசரப்படுத்தவில்லை.