எதிர்க்காற்றில் போன அரை மணி

அப்பா சின்ன மகனோடு பேசி ஆறு வருடமாகிறது. மருத்துவப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு விமானம் ஓட்டப் போனவனை அவர் மன்னிக்கவே இல்லை. இப்போது அவருக்குத் தொண்டையில் புற்று. குரல்வளையையே எடுத்துவிடப் போகிறார்கள்; அதற்குப் பிறகு அவருக்குக் குரல் இருக்காது. அறுவைக்கு முந்தின நாள் இரவு பெரியவனைக் கூப்பிட்டு, கரகரத்த குரலில் சொன்னார்.

"அவன வரச் சொல்லு. அறுக்கறதுக்கு முன்னாடி அவன்கிட்ட பேசணும். நேர்ல."

அண்ணன் தம்பி இருவருக்கும் ஒரே சரக்கு விமானக் கம்பெனியில்தான் வேலை. தம்பி சின்ன விமானம் ஓட்டுகிறான். விமானம் எப்போது கிளம்பும், எப்போது திரும்பும், எவ்வளவு எரிபொருள் வேண்டும் என்று கணக்குப் போட்டுக் கொடுப்பது பெரியவன்.

அறுவை சிகிச்சை நாளன்று காலையில் இன்னொரு பைலட்டுக்குக் காய்ச்சல்; அவனுக்குப் பதில் தம்பியைப் போகச் சொன்னார்கள். தம்பி அலுவலகக் கதவில் சாய்ந்துகொண்டு நின்றான்.

"அண்ணே, போகட்டுமா வேணாமா? மூணரைக்கு அப்பாவ உள்ள கொண்டு போயிடுவாங்க."

"மூணு மணிக்கெல்லாம் நீ தரையில இருப்ப. ஆஸ்பத்திரி இங்கேருந்து கால் மணி. போய்ட்டு வா."

"மேல காத்து பேயா அடிக்குதாமே?"

"போறப்ப தள்ளும், வர்றப்ப தடுக்கும். ரெண்டும் சரியாப் போயிடும். நீ ஓட்டற வேலையப் பாரு, கணக்க எங்கிட்ட விடு."

"சரிங்க கணக்குப்பிள்ள" என்று கும்பிடு போட்டுவிட்டுத் தம்பி போனான்.

காற்றில்லாத நாளில் ஒரு பக்கத்துக்கு எவ்வளவு நேரமோ அதை இரண்டால் பெருக்கி எழுதுவது அந்த அலுவலகத்தில் பழக்கம். எரிபொருளை மட்டும் தாராளமாகவே நிரப்புவார்கள். நேரம் இரண்டு மூன்று நிமிடம் முன்பின் ஆனால் யார் கேட்கப் போகிறார்கள்?

தம்பி சரக்கு இறக்கும் ஊருக்கு அரை மணி முன்னதாகவே போய்ச் சேர்ந்தான். பக்கத்து மேசையில் பைலட்டுகளோடு ரேடியோவில் பேசும் அக்கா, "பாத்தியா உன் தம்பிய, ராக்கெட்டு" என்றாள். பெரியவனுக்குப் பெருமை தாங்கவில்லை. அப்பாவுக்கு ஃபோன் போட்டு, "மூணு மணிக்கு முன்னாடியே வந்தாலும் வந்துடுவான்" என்று வேறு சொல்லி வைத்தான். பிறகு அவனும் ஆஸ்பத்திரிக்குப் போனான்.

மூன்று மணி ஆனது. தம்பி வரவில்லை. அலுவலகத்துக்கு ஃபோன் போட்டான்.

"இன்னும் அரை மணி ஆகும்ப்பா. கீழ ஹைவேல போற காரெல்லாம் தன்னை முந்தப் பாக்குதுன்னு சிரிக்கிறான்" என்றாள் அக்கா.

வராந்தாவில் நின்றபடியே பெரியவன் மனக்கணக்குப் போட்டான். விமானத்தின் வேகம் மணிக்கு முந்நூறு கிலோமீட்டர். காற்று நூறு. போகும்போது நானூறு, வரும்போது இருநூறு. அறுநூறு கிலோமீட்டர் போக ஒன்றரை மணி, வர மூன்று மணி. மொத்தம் நாலரை. நான்கு இல்லை. தள்ளுகிற காற்றில் சீக்கிரம் போய்ச் சேர்ந்துவிடுவதால் தள்ளல் கொஞ்ச நேரம்தான் கிடைக்கிறது. எதிர்க்கிற காற்றில் ஊர்ந்து வருவதால் நெடுநேரம் மாட்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது. கிடைத்தது அரை மணி, போனது ஒரு மணி. பயிற்சியின் முதல் மாதத்தில் படித்த பாடம் இது. காலையில் ஒரு நிமிடம் உட்கார்ந்து பார்த்திருந்தால் தம்பியை அனுப்பியிருக்க மாட்டான். அப்பா தம்பியைத்தானே கேட்டார் என்ற பொறாமையா என்று தன்னையே குடைந்து பார்த்தான். அப்படி இருந்திருந்தால்கூடத் தேவலை. வெறும் சோம்பேறித்தனம்.

உள்ளே அப்பா பச்சை அங்கி மாட்டிப் படுத்திருந்தார்.

"எங்கடா அவன்?"

"வந்துட்டே இருக்கான்ப்பா. எங்கிட்ட சொல்லுங்க, நான் சொல்லிடறேன்."

"நீ சொன்னா அது நீ சொன்னதாத்தான் இருக்கும்."

நர்ஸ் கட்டிலின் சக்கரப் பூட்டை விடுவித்தாள். டாக்டரிடம் கெஞ்சிப் பார்த்தான். அடுத்த நோயாளி காத்திருக்கிறார், ஐந்து நிமிடம் தருகிறேன் என்றார். பெரியவன் மறுபடி அலுவலகத்துக்கு ஃபோன் போட்டான்.

"அக்கா, ஃபோன ரேடியோ மைக்குகிட்ட பிடிங்க. அப்பா பேசணும்."

"மேல பறக்கற எல்லா பைலட்டுக்கும் கேக்குமேப்பா."

"கேக்கட்டும்."

அப்பா ஃபோனை வாங்கிக் காதில் வைத்தார். இரைச்சல். அக்கா யார் பேசுவது என்று தம்பிக்குச் சொல்வதற்குள் அவரே ஆரம்பித்துவிட்டார். ஆனால் ஊரே கேட்கும் இடத்தில் அவரால் எதையும் சொல்ல முடியவில்லை.

"அங்க... காத்து ஜாஸ்தியா?"

"ஆமா சார், செம காத்து. யாரு பேசறது?"

அப்பா ஃபோனை இன்னொரு காதுக்கு மாற்றினார்.

"பாத்து வா. அவசரமில்ல" என்றார். ஃபோனைப் பெரியவன் கையில் கொடுத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். கட்டில் நகர்ந்தது.

தம்பி யூனிஃபார்மோடு ஓடி வந்தபோது அறுவை அறையின் கதவுக்கு மேல் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பெஞ்சில் பொத்தென்று உட்கார்ந்தான். திட்டுவான் என்று பெரியவன் எதிர்பார்த்தான். திட்டவில்லை.

"என் கணக்குதான்டா தப்பு" என்றான் பெரியவன்.

"விடுண்ணே. நானும்தான் யோசிச்சிருக்கணும். ஓட்டறவன் நான்தான?" தண்ணீர் பாட்டிலைத் திறந்து குடித்தான். "நடுவுல ரேடியோல யாரோ ஒரு பெரியவரு வந்தாரு. கரகரன்னு ஒரு குரல். காத்து ஜாஸ்தியான்னு கேட்டாரு, அவசரமில்லன்னாரு. நம்ம ஆஃபீஸ்ல அப்படி யாரு இருக்கா?"

தெரியாது என்று சொல்லிவிடலாம். தம்பி அதோடு மறந்தும் போவான். ஆனால் அப்பாவின் குரலில் அவனுக்கு மிச்சமிருப்பது அந்த இரண்டு மூன்று வாக்கியம்தான். அதையும் பிடுங்கிக்கொள்ளப் பெரியவனுக்கு மனம் வரவில்லை.

"அது அப்பாதான்டா" என்றான்.

தம்பியின் கையில் பாட்டில் அப்படியே நின்றது.

"சார்னு கூப்பிட்டேனே அண்ணே."