பீமாராவின் கேள்வி

வாடிப்பட்டி மடத்துக் கதவை உதைத்துத் திறந்த பாண்டிமீனா, தம்பி பீமாராவைத் தரதரவென்று வெளியே இழுத்தாள்.

அந்த மடத்து வினா நெறிக்காரர்கள் ஆளுக்கொரு கேள்வியைச் சுமந்து வாழ்பவர்கள். பதில் தெரிந்த அன்றே உயிர் பிரியும் என்பது அவர்கள் கொள்கை. குரு பதில் சொல்லி, இந்த மாதம் மூன்று பேர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இன்று பீமாராவின் முறை.

“அந்தாளு வாயைத் தொறக்குறதுக்குள்ள வண்டியில ஏறுடா!”

“தொறந்தாரு. தெரியலன்னுட்டாருக்கா,” என்று சிரித்தான் அவன். “குருவுக்கே தெரியலையாம்!”

“அப்படி என்னடா பொல்லாத கேள்வி?”

“நம்ம அப்பாவைக் கெணத்துல தள்ளுனது யாரு?”

அவன் அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். பாண்டிமீனா சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

தள்ளியது அவள்தான்.